பெனின் நகரத்துப் பித்தளை

கும்பகோணம்

அன்பு மகள் கயல்விழிக்கு,

நலம், நலமறிய ஆவல். லண்டன் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தின் கீழ்த்தளத்தில் நீ எடுத்து அனுப்பிய படங்கள் வந்தன. நட்டு வைத்த கம்பிகளில் பித்தளைத் தகடுகள் ஒன்றன்மேல் ஒன்றாகத் தொங்குவதையும், அவற்றின் எதிரில் நீ நிற்பதையும் பெரிதாக்கிப் பெரிதாக்கிப் பார்த்தேன். "இது நான் பிறந்த ஊர்ப் பொருள்தானே, இதைப் பற்றி வீட்டில் யாரும் ஒரு வார்த்தை சொன்னதில்லையே" என்று எழுதியிருக்கிறாய். நியாயமான குறைதான். நாம் பெனின் நகரத்தை விட்டுக் கிளம்பியபோது உனக்கு மூன்று வயது. ஊர் திரும்பிய பிறகு நானும் உன் அப்பாவும் நைஜீரியா என்று வாயெடுத்தால் வராத சம்பளத்தையும், மதிப்பு விழுந்துபோன அந்த நாட்டு நாணயமான நைராவையும், உனக்கு வந்த மலேரியாவையும் பேசினோமே தவிர, அந்த ஊரைப் பேசவில்லை. தொலைபேசியில் சொல்லித் தீராது என்பதால் எழுதுகிறேன்.

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துவிடுகிறேன். உலக வரைபடத்தில் பெனின் என்றிருக்கும் நாடு வேறு. அது பழைய தகோமே, 1975-இல்தான் அந்தப் பெயரை எடுத்துக்கொண்டது. நீ பிறந்த பெனின் நகரம் அதற்குக் கிழக்கே, தெற்கு நைஜீரியாவில் எடோ மக்களின் தலைநகரம். அவர்களுடைய அரசருக்கு ஓபா என்று பெயர். இஃபே நகரிலிருந்து வந்த ஒரன்மியனுக்குப் பிறந்த முதலாம் எவேகாவிலிருந்து தொடங்கும் அரச மரபு, 800 ஆண்டுகளுக்கு மேலாக, ஒரே ஒரு நீண்ட இடைவெளியோடு இன்றும் அங்கே தொடர்கிறது. நாங்கள் வேலைக்குப் போய்ச் சேர்ந்த 1979-இல்தான் ஓபா எரெடியாவுவா முடிசூடியிருந்தார். பள்ளியில் எந்தப் பிள்ளையைக் கேட்டாலும் ஊர்வலத்தில் தான் எங்கே நின்று பார்த்தேன் என்று சொல்லும்.

இவற்றை வெண்கலம் என்றுதான் உலகமே சொல்கிறது. வேதியியல் வாத்தியாருக்கு அது பொறுக்காது. செம்போடு வெள்ளீயம் சேர்ந்தால் வெண்கலம், துத்தநாகம் சேர்ந்தால் பித்தளை. நீ பார்த்தவற்றில் பெரும்பாலானவை பித்தளை. அந்தப் பித்தளை எப்படி வந்தது என்பதிலேயே பாதிக் கதை இருக்கிறது. 1480-களில் போர்த்துகீசியர் பெனினுக்கு வந்தார்கள். மிளகும் தந்தமும் அடிமைகளும் வாங்கினார்கள். விலையாக, குதிரை லாடம் போல் வளைந்து இரு முனையும் கூடாத பித்தளைக் காப்புகளைக் கொடுத்தார்கள். மனில்லா என்று அதற்குப் பெயர். மேற்கு ஆப்பிரிக்கக் கரையெங்கும் அதுவே நாணயமாகப் புழங்கியது. பெனின் அரண்மனையில் அந்தக் காப்புகளை உருக்கித்தான் தகடும் தலையும் வார்த்தார்கள். கடலில் மூழ்கிய பழைய கப்பல்களில் கிடைத்த காப்புகளைச் சோதித்து, அந்த உலோகம் ஜெர்மனியின் ரைன் ஆற்றுப் பகுதியிலிருந்து வந்தது என்று 2023-இல் ஆய்வாளர்கள் வெளியிட்டார்கள். ஆனால் வார்க்கும் கலை போர்த்துகீசியரோடு வந்ததல்ல. ஓபா ஒகுவோலா இஃபேயிலிருந்து இகுவேகா என்ற வார்ப்புக்காரரை வரவழைத்ததாக அரண்மனை மரபு சொல்கிறது. ஒகுவோலா போர்த்துகீசியருக்கு ஏறத்தாழ 200 ஆண்டு முந்தியவர்.

இகுவேகாவின் வழிவந்தவர்கள் வாழும் தெருவுக்கு இகுன் என்று பெயர். சனிக்கிழமைகளில் உன்னை இடுப்பில் வைத்துக்கொண்டு அங்கே போவேன். ஒரு பெரியவர் களிமண் கருவின்மேல் மெழுகைப் பூசி முகம் எழுப்பிக்கொண்டிருப்பார். கன்னம், மூக்கு, இமையெல்லாம் கைவிரலாலும் ஒரு சிறு மரக்குச்சியாலும் வந்துவிடும். பிறகு பலகையில் மெழுகை உருட்டி, சேவை நாழியில் பிழிந்த இழை போல் மெல்லிய திரிகள் செய்வார். அவற்றைத் துண்டு துண்டாக நறுக்கி, கழுத்தைச் சுற்றிப் பவள மாலையாக ஒவ்வொரு மணியாக ஒட்டுவார். ஒரு கழுத்து முடிய ஒரு காலைப்பொழுது ஆகும். அதன்மேல் நைசான மண் குழம்பு, உலர்ந்த பின் கெட்டி மண், பிறகு நெருப்பு. மெழுகு உருகி ஓடிய வெற்றிடத்தில் பித்தளையை ஊற்றி, ஆறியதும் மண்ணை உடைப்பார்கள். நம் சுவாமிமலையிலும் இதே முறைதான். ஆனால் நம் சாமிகள் உள்ளே கூடில்லாமல் கட்டியாக வார்க்கப்படுபவை, அவர்களுடைய தலைகள் மண் கருவைச் சுற்றி வார்க்கப்படுவதால் உள்ளே கூடாக இருக்கும். இரண்டு ஊரிலும் அச்சு ஒரு வார்ப்போடு உடைந்துவிடும், அதனால் ஒன்றைப் போல் இன்னொன்று இராது. பழையவை என்று கருதப்படும் தலைகளில் பித்தளைச் சுவர் மிக மெல்லியது. உருகிய உலோகம் உறைவதற்குள் அந்தக் குறுகிய இடைவெளி முழுவதும் ஓடிப் பரவியாக வேண்டும் என்பதை நினைத்தால், அதைச் செய்தவர்களுக்குச் சூட்டின் கணக்கு எவ்வளவு துல்லியமாகத் தெரிந்திருக்கும் என்று எனக்கு இன்றும் வியப்பாக இருக்கிறது. நாங்கள் இருந்த காலத்தில் அந்தத் தெருவில் உடைந்த குழாய்களையும் கார் ரேடியேட்டர்களையும் உருக்கினார்கள்.

இனி நான் முக்கியமாகச் சொல்ல நினைத்த செய்தி. எடோ மொழியில் 'நினைவுகூர்தல்' என்பதற்கு வழங்கும் சொல்லுக்கு நேர்ப்பொருள் 'பித்தளையில் உருவம் வார்த்தல்' என்பதாகும். ஓபா இறந்தால், அடுத்து அரியணை ஏறும் மகனின் முதற்கடமைகளில் ஒன்று தந்தைக்குப் பலிபீடம் எழுப்பி அதில் பித்தளைத் தலை வார்த்து வைப்பது. அந்தத் தலையின் உச்சியில் இருக்கும் துளையை நீ பார்த்திருப்பாய். அதில் செதுக்கிய யானைத் தந்தம் ஒன்றைச் செருகுவார்கள், அருகில் மணிகளும் கோல்களும் இருக்கும். ஆக, கண்ணாடிப் பெட்டிக்குள் தனித்தனியாக நிற்கும் தலை, தந்தம், மணி மூன்றும் ஒரே பீடத்தில் ஒருவருக்காக ஒன்றாக இருந்தவை. இதைக் கலை என்று மட்டும் சொல்லி வியப்பது, ஒரு வீட்டின் பூஜை அறையைக் கலைத்து ஒவ்வொன்றையும் ஒவ்வொரு ஊரில் வைத்துவிட்டு விளக்கின் வேலைப்பாட்டைப் பாராட்டுவதைப் போன்றது என்பது என் எண்ணம்.

அரசர்களில் இருவரைப் பற்றியாவது நீ தெரிந்துகொள்ள வேண்டும். 15-ஆம் நூற்றாண்டின் நடுவில் ஆண்ட எவுவாரே, அரசை விரித்து, நகரைத் திருத்தி, மண் அரணும் அகழியும் வளர்த்தவர். பவள மணியைக் கடல் தெய்வமான ஒலோகுனிடமிருந்து அவர் கொண்டு வந்தார் என்பது கதை. அந்த அகழியின் ஒரு பகுதி நம் வீட்டுக்குப் பின்னால் இருந்தது. பார்த்தால் குப்பை நிறைந்த பள்ளம் என்றுதான் தோன்றும், நானும் முதல் ஓராண்டு அப்படித்தான் நினைத்திருந்தேன். இன்னொருவர் 16-ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் ஆண்ட எசிகியே. வடக்கேயிருந்து இடா நாட்டவர் படையெடுத்து வந்தபோது, மகனுக்கு அறிவும் படையும் மந்திரமும் துணை நிற்கச் செய்தவர் அவருடைய தாய் இடியா. அதற்காகவே அரசன்தாய் என்ற பட்டத்தை உருவாக்கி எசிகியே அவருக்குத் தந்தார். நீ அனுப்பிய மூன்றாவது படத்தில் இருக்கும் தந்த முகம் இடியாவுடையதே. தலைமுடிக்கு மேல் வரிசையாக இருக்கும் சிறு தாடிக்காரத் தலைகள் போர்த்துகீசியர்கள். கடல் வழியே செல்வத்தோடு வந்தவர்கள் என்பதால் அவர்களை ஒலோகுனின் உலகத்தோடு சேர்த்து எண்ணினார்கள். 1977-இல் லாகோசில் நடந்த பெருங்கலைவிழாவுக்கு இந்த முகத்தையே சின்னமாக வைத்து, விழாவுக்காக இரவல் கேட்டார்கள். பிரிட்டிஷ் அருங்காட்சியகம் தரவில்லை. நாங்கள் போனபோது சந்தையில் சேலைத்துணி போன்ற உடுதுணிகளில்கூட இடியாவின் முகம் அச்சாகியிருந்தது. மீன்காரப் பெண்ணிடம் 'யார் இது' என்று கேட்டுவிட்டு அரைமணி நேரம் நின்று கதை கேட்டிருக்கிறேன்.

தகடுகள் அரண்மனை மண்டபத் தூண்களில் அறையப்பட்டிருந்தவை. 1668-இல் ஆம்ஸ்டர்டாமில் ஒல்ஃபர்ட் டாப்பர் என்பவர், தான் ஆப்பிரிக்காவில் காலடி வைக்காமலேயே, போய் வந்தவர்களிடம் கேட்டு எழுதிய நூலில், போர்ச்செயல்கள் பொறித்த வார்ப்புத் தகடுகள் தூண்களை மேலிருந்து கீழ்வரை மூடியிருந்ததாகக் குறிப்பிடுகிறார். தகடுகளில் ஓபா பெரிதாகவும், பக்கத்துணைவர்கள் சிறிதாகவும் இருப்பார்கள். பின்னணி முழுவதும் நான்கிதழ் ஆற்றிலைகள், அவையும் ஒலோகுனைச் சேர்ந்தவை.

அந்த அரசைப் பொற்காலமாக மட்டும் உனக்குச் சொல்லிவிட மாட்டேன். அடிமை வாணிகத்தில் அதற்குப் பங்கு உண்டு. ஆண் அடிமைகளை வெளியே விற்பதை நீண்டகாலம் அரசு தடுத்து வைத்திருந்தது என்றாலும், பிற்காலத்தில் அதுவும் தளர்ந்தது. அரச சடங்குகளில் நரபலியும் இருந்தது. பின்னாளில் படையெடுத்து வந்தவர்கள் அதைத்தான் தங்கள் செயலுக்குக் காரணமாக முன்வைத்தார்கள்.

உண்மையான காரணம் வாணிகம். ஓபா ஓவொன்ராம்வென் தன் நாட்டுக்குள் வணிகத்தைத் தன் கையில் வைத்திருந்தார். பாமாயிலும் ரப்பரும் தேடிய ஆங்கில வணிகர்களுக்கு அது இடைஞ்சலாக இருந்தது. ஜேம்ஸ் பிலிப்ஸ் என்ற அதிகாரி 1896 நவம்பரில், ஓபாவைப் பதவியிறக்க அனுமதி கேட்டு லண்டனுக்கு எழுதிய கடிதத்திலேயே, அரண்மனையில் கிடைக்கும் தந்தம் செலவை ஈடுகட்டும் என்று குறிப்பிட்டிருக்கிறார். அனுமதி வருமுன், இகுவே விழா நடக்கிறது, இப்போது வர வேண்டாம் என்று ஓபா சொல்லியனுப்பியும் கேளாமல், 1897 ஜனவரியில் அவர் புறப்பட்டார். வழியில் எடோ தலைவர்கள் சிலரின் ஆட்கள் தாக்கியதில், அவரோடு வந்த ஆங்கிலேயரில் இருவர் மட்டுமே தப்பினார்கள். சுமைகூலிகளும் பலர் மாண்டார்கள். பிப்ரவரியில் கடற்படைத் தளபதி ஹாரி ராசனின் கீழ் ஏறத்தாழ 1,200 பேர் கொண்ட படை வந்து, 18-ஆம் தேதி நகரைப் பிடித்தது. மூன்று நாளில் அரண்மனை எரிந்தது. தகடுகளும் தலைகளும் தந்தங்களும் குவியலாக முற்றத்தில் கிடக்க, நடுவே படைவீரர்கள் உட்கார்ந்து எடுத்துக்கொண்ட புகைப்படங்கள் இருக்கின்றன. பீடங்களிலிருந்து எடுத்தவர்கள், எது யாருடைய பீடம், எது எந்த வரிசை என்று குறித்துக்கொள்ளவில்லை. என் மனத்தில் தீயைவிட அதுதான் பெரிய இழப்பு. ஓபாவைக் கலபாருக்கு நாடுகடத்தினார்கள். 1914-இல் அங்கேயே இறந்தார். அதன் பிறகுதான் அவர் மகன் இரண்டாம் எவேகா முடிசூட அனுமதித்தார்கள். முன்பே சொன்ன இடைவெளி அந்தப் பதினேழு ஆண்டுகள்தான். இரண்டாம் எவேகா தாமே செதுக்கவும் வார்க்கவும் தெரிந்தவர். அரண்மனையைத் திரும்பக் கட்டினார், அரசருக்கு மட்டுமே வார்க்கலாம் என்றிருந்த இகுன் தெருக்காரர்கள் மற்றவர்களுக்கும் விற்றுப் பிழைக்க வழிவிட்டார்.

திருப்பித் தருவதைப் பற்றிக் கேட்டிருக்கிறாய். 1938-இல் ஓபா இரண்டாம் அகென்சுவாவுக்குப் பவள முடியும் பவளச் சட்டையும் வந்தன. அதன்பின் நெடுங்காலம் பேச்சு மட்டும்தான். 2022-இல் ஜெர்மனி தன் அருங்காட்சியகங்களில் இருந்தவற்றின் உரிமையை நைஜீரியாவுக்கு எழுதிக் கொடுத்தது. அதே ஆண்டு உன் ஊரிலேயே ஹார்னிமன் அருங்காட்சியகம் 72 பொருள்களின் உரிமையை மாற்றியது. 2025-இல் நெதர்லாந்து 119 பொருள்களை அனுப்பியது. 900-க்கும் மேல் வைத்திருக்கும் பிரிட்டிஷ் அருங்காட்சியகம், 1963-ஆம் ஆண்டுச் சட்டம் கைகளைக் கட்டுகிறது என்கிறது. நாடாளுமன்றம் இயற்றிய சட்டத்தை நாடாளுமன்றமே திருத்தலாம் என்பது உனக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

வந்த பிறகு யாரிடம் இருப்பது என்பதிலும் சண்டை இருக்கிறது. 2023-இல் நைஜீரியக் குடியரசுத் தலைவர், உரிமை ஓபாவுடையது என்று ஆணையிட்டார். அருங்காட்சியகக்காரர்கள் சிலர் முகம் சுளித்தார்கள். நம் பக்கத்தில், வெளிநாட்டிலிருந்து மீட்டு வந்த சாமிகள் கோயிலுக்குப் போகாமல் திருவாரூர் பாதுகாப்பு மையத்தில் பூட்டிக் கிடப்பதைப் பார்த்திருப்பதால், பீடத்துக்குரியது பீடத்துக்குத்தான் போக வேண்டும் என்று நான் சொல்வேன். உன் அப்பா இருந்திருந்தால், எல்லாரும் பார்க்கும் இடத்தில் இருக்கட்டும் என்று வாதாடியிருப்பார். அமெரிக்காவில் அடிமைகளின் வழித்தோன்றல்கள் சிலர், இந்தப் பித்தளை எங்கள் முன்னோரை விற்ற விலை, எங்களுக்கும் பங்கு உண்டு என்கிறார்கள். அதற்கு என்ன பதில் சொல்வது என்று எனக்கு இன்னும் பிடிபடவில்லை.

இகுன் தெருப் பெரியவர் நாம் கிளம்பும்போது உன் கையில் கொடுத்த பழைய மனில்லா, இங்கே என் மேசையில் காகிதம் பறக்காமல் பிடித்துக்கொண்டு இருக்கிறது. சிறுவயதில் அதைக் காலில் மாட்டிக்கொண்டு நடக்கப் பார்ப்பாய். அடுத்த முறை அந்தக் கீழ்த்தளத்துக்குப் போகும்போது, தகடுகளின் மூலைகளில் ஆணி அறைந்த துளைகளைப் பார். சில தகடுகளில் போர்த்துகீசியரைச் சுற்றி இதே காப்பு வார்க்கப்பட்டிருக்கும். காப்பை உருக்கிய பித்தளையிலேயே காப்பின் உருவம். அப்படி ஒன்று அங்கே மாட்டப்பட்டிருந்தால், பக்கவாட்டிலிருந்து, வெளிச்சம் படாமல் ஒரு படம் எடுத்து அனுப்பு. என்னுடையதன் முனைகள் அதைவிட அகலமா என்று பார்க்க வேண்டும்.

இப்படிக்கு,
அம்மா