ஹோய் ஆன் ‘கிராமத்தில் ஒரு நாள்’ பயணம்: பணத்தைத் திருப்பிக் கேட்டு ஒரு புகார்

பெறுநர்: மேலாளர், வாடிக்கையாளர் சேவைப் பிரிவு
பொருள்: மார்ச் 14 அன்று வியட்நாமின் ஹோய் ஆனில் நீங்கள் நடத்திய ஒருநாள் பயணம்

வணக்கம்.

இதற்கு முன்னால் வாட்ஸ்அப்பில் இரண்டு முறை எழுதிவிட்டேன். முதல் முறை ‘உங்கள் கருத்துக்கு நன்றி’ என்று வந்தது, இரண்டாவது முறை ஐந்து நட்சத்திரம் போடச் சொல்லி ஒரு லிங்க் வந்தது. அதனால் இந்த முறை உட்கார்ந்து நீளமாகவே எழுதுகிறேன், கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள்.

நாங்கள் நான்கு பேர்: நான், மனைவி, பதினொரு வயது மகள், அறுபத்தாறு வயது அம்மா. தலைக்கு 4,200 வீதம் 16,800 ரூபாய் முன்பணமாகவே கட்டினோம். அதற்கு நீங்கள் தருவதாகச் சொன்னது: காலையில் வயல்வெளி வழியாக 14 கிலோமீட்டர் சைக்கிள், ட்ரா குவே காய்கறிக் கிராமத்தில் விவசாயிகளோடு தோட்ட வேலை, கம் தான் பகுதியில் கூடைப்படகில் இரண்டு மணி நேரம், கடைசியில் ஒரு வீட்டுச் சமையலறையில் நாங்களே ஐந்து பதார்த்தம் சமைத்துச் சாப்பிடுவது. எட்டு மணி நேரம், குழுவில் பத்துப் பேருக்கு மேல் கிடையாது. பணம் கட்டும்போது ஒரு படிவமும் நிரப்பச் சொன்னீர்கள். அதில் மூன்று விஷயம் எழுதினேன். அம்மா சுத்த சைவம், முட்டை, மீன், கறி எதுவும் ஆகாது. அம்மாவுக்கு முழங்கால் வலி, ஆனால் முப்பது வருஷம் சைக்கிளில் போய்ப் பாடம் எடுத்தவர், கால் தரையில் ஊன்றுகிற மாதிரி தாழ்வான சீட் இருந்தால் போதும். மகளுக்குச் சின்ன சைக்கிளும் அவள் அளவுக்கு லைஃப் ஜாக்கெட்டும் வேண்டும். உங்கள் அலுவலகத் தம்பி போன் செய்து, “எல்லாம் அங்க சொல்லியாச்சு சார், கவலையே படாதீங்க” என்றார்.

ஒன்றும் சொல்லவில்லை. அன்றைக்கு வந்த கைடு பையன் தன் செல்போனை என்னிடமே நீட்டிக் காட்டினான். அவனுக்கு வந்திருந்த தகவல் ‘4 பேர், இந்தியா, காலை 8 மணி’, அவ்வளவுதான். அதை அவன் அனுமதியோடு படம் எடுத்து இணைத்திருக்கிறேன். என் புகார் முழுக்க இந்த ஒரு படத்துக்குள் இருக்கிறது.

சரி, நடந்ததைச் சொல்கிறேன். வேனில் எங்களோடு சேர்த்து இருபத்து மூன்று பேர். சைக்கிள் எல்லாம் ஒரே உயரம். அம்மா ஏறிப் பார்த்தார், கால் எட்டவில்லை, இறங்கி வேனிலேயே உட்கார்ந்துகொண்டார். மகள் என் மனைவியின் கேரியரில். வயல்வெளி என்று சொன்னது பாதிக்கு மேல் கூவா டாய் கடற்கரைக்குப் போகிற பெரிய சாலை, இரண்டு பக்கமும் ஸ்கூட்டர் வெள்ளம். வியட்நாமில் வலது பக்கமாக ஓட்ட வேண்டும். இடது பக்கத்திலேயே ஓட்டிப் பழகிய நம் ஊர்க்காரர்களுக்கு அதைக் கிளம்பும் முன் ஒரு வார்த்தை சொல்லியிருக்க வேண்டாமா? முதல் திருப்பத்திலேயே நான் பழக்க தோஷத்தில் இடது ஓரம் ஏறி, எதிரே முட்டைத் தட்டு அடுக்கிக்கொண்டு வந்த ஒரு ஸ்கூட்டர்மேல் மோதப் பார்த்தேன். அந்த ஆள் திட்டக்கூட இல்லை, சிரித்துக்கொண்டே ஒதுங்கிப் போனார். என் போனில் பதிவான தூரம் 3.2 கிலோமீட்டர். பதினாலு எங்கே, மூன்று எங்கே?

ட்ரா குவே. 2024-ல் ஐ.நா. சுற்றுலா அமைப்பு சிறந்த சுற்றுலாக் கிராமங்களில் ஒன்றாகத் தேர்ந்தெடுத்த ஊர் என்று உங்கள் விளம்பரத்தில் கொட்டை எழுத்தில் போட்டிருந்தீர்கள், உண்மைதான். அந்த ஊரில் எங்களுக்குக் கொடுத்த நேரம் இருபது நிமிடம். இறங்கியதும் ஆளுக்கு ஒரு கூம்புத் தொப்பி மாட்டிவிட்டு, ஒரே ஒரு பாத்திக்கு முன்னால் வரிசையாக நிற்க வைத்தார்கள். மூங்கில் கம்பின் இரண்டு முனையிலும் தொங்குகிற பூவாளியைத் தோளில் வைத்து ஆளுக்கு ஐந்தடி நடந்து, போட்டோ எடுத்து, அடுத்தவர் தோளுக்கு மாற்ற வேண்டும். எங்கள் முறை வருவதற்குள் அந்தப் பாத்தி சேறாகிவிட்டது. அந்தக் கீரைக்கு அன்றைக்கு எத்தனை தடவை தண்ணீர் விட்டார்களோ, பாவம். தோட்டக்காரர் என்று ஒருவரையும் நாங்கள் பார்க்கவில்லை.

அடுத்தது படகு. கூடைப்படகு என்பது நம் பரிசல் மாதிரிதான், மூங்கிலைப் பின்னி மேலே பிசின் பூசியது, ஆட்கள் உட்கார ஒரு பலகை. பிரெஞ்சுக்காரர்கள் காலத்தில் படகுக்கு வரி போட்டபோது, ‘இது படகு இல்லை, கூடை’ என்று மீனவர்கள் சொல்லித் தப்பித்த கதையைக் கைடு சொன்னான், அது மகளுக்கு ரொம்பப் பிடித்துவிட்டது. ஆனால் அவள் அளவுக்கு லைஃப் ஜாக்கெட் இல்லை. பெரியவர்களுடையதை மாட்டி, நாடாவை இரண்டு சுற்று சுற்றி முடிச்சுப் போட்டார்கள். தூக்கிப் பார்த்தேன், ஜாக்கெட் கழுத்துக்கு மேலே வருகிறது, பிள்ளை கீழேயே இருக்கிறாள். தண்ணீரில் விழுந்திருந்தால்? இதை மட்டும் தயவுசெய்து சாதாரணமாக எடுத்துக்கொள்ளாதீர்கள்.

கால்வாய் அகலமாகிற இடத்தில் பெரிய ஸ்பீக்கர் வைத்துக் காது கிழியப் பாட்டு. ஒருவர் பரிசலைப் பம்பரமாகச் சுழற்றிக் காட்டுகிறார், சுற்றிலும் ஐம்பது அறுபது பரிசல், முடிந்ததும் துடுப்பின் முனையில் பணத்தைச் செருகச் சொல்கிறார்கள். வித்தை வித்தைதான், குறை சொல்லவில்லை, அவர்களும் பிழைக்க வேண்டும். ஆனால் நீங்கள் ‘அமைதியான நீர்வழி’ என்று விற்றீர்களே. நிப்பா பனையை அங்கே நீர்த்தென்னை என்கிறார்கள், தென்னை மட்டை அடிமரமே இல்லாமல் தண்ணீரிலிருந்து நேராக எழுந்து நிற்கிற மாதிரி இருக்கும், அதன் ஓலையில்தான் கூரை வேய்கிறார்கள். அந்தச் சந்துக்குள் நாங்கள் இருந்தது மிஞ்சிப்போனால் பத்து நிமிடம். எங்கள் பரிசலைத் தள்ளிய உள்ளூர்ப் பெண், முன்பக்கம் உட்கார்ந்து ஒற்றைத் துடுப்பை எட்டு வடிவில் அலைத்துக்கொண்டே, கிடைத்த இடைவெளியில் ஓலையைக் கிழித்து ஒரு வெட்டுக்கிளி பின்னி மகள் கையில் கொடுத்தார். அன்றைய நாளில் உருப்படியாக நடந்தது அது ஒன்றுதான், அது உங்கள் பட்டியலில் இல்லாதது. மொத்தப் படகு நேரம் முப்பத்தைந்து நிமிடம்.

இப்போது சமையலுக்கு வருகிறேன். இந்தக் கடிதத்தை எழுத வைத்தது இதுதான்.

ஒரு வீடு என்றீர்கள். அது தகரக் கூரை போட்ட நீளமான கொட்டகை, நாற்பது அடுப்பு வரிசையாக. ஐந்து பதார்த்தம் என்றது இரண்டாகச் சுருங்கியது, அதிலும் ஒன்று ரைஸ் பேப்பர் என்கிற மெல்லிய அரிசித் தாளைத் தண்ணீரில் நனைத்து ஏற்கெனவே நறுக்கி வைத்த காயைச் சுருட்டுவது. இன்னொன்று பான் சேயோ. அரிசி மாவில் மஞ்சள் தூள் கலந்து, எண்ணெயில் மெல்லிசாக ஊற்றி, இறாலும் பன்றிக்கறியும் முளைகட்டிய பயறும் வைத்து மடித்து மொறுமொறுவென்று எடுப்பது. ‘சேயோ’ என்பது மாவு சட்டியில் விழும்போது வருகிற ‘சொய்ங்’ சத்தம்தானாம். நாற்பத்தைந்து வருஷமாகத் தோசை சுடுகிற என் அம்மாவுக்கு அதைக் கற்றுக்கொள்ள எவ்வளவு ஆசை தெரியுமா? மாவில் அரிசி எவ்வளவு, ஏன் புளிக்க வைப்பதில்லை, ஓரம் எப்படி இப்படி முறுகுகிறது என்று கேட்கக் கேள்வியெல்லாம் வைத்திருந்தார். மாவு பிளாஸ்டிக் ஜாடியில் கரைத்து வந்தது. ஆளுக்கு ஒரு கரண்டி. ஊற்றினோம், திருப்பினோம், அடுத்த குழு பின்னாலேயே நிற்கிறது.

கறி, இறால் இல்லாமல் அம்மாவுக்கு வெறும் பயறு மட்டும் வைத்துக் கொடுக்கச் சொல்லிக் கைடு அங்கேயே ஏற்பாடு செய்தான். எல்லோரும் தொட்டுச் சாப்பிட ஆளுக்கு ஒரு கிண்ணத்தில் எலுமிச்சை, சர்க்கரை, பூண்டு, மிளகாய் போட்ட ஒரு தண்ணிச் சாறு வைத்தார்கள். அம்மா இரண்டு மூன்று வாய் தொட்டுச் சாப்பிட்டுவிட்டு, “என்னடா இது, ஒரு மாதிரி வாடை வருதே” என்றார். நான் கேட்டேன். அது நூக் மாம் கலந்தது. நெத்திலியையும் உப்பையும் மாதக்கணக்கில் ஊறப்போட்டு இறக்குகிற மீன் சாறு.

அம்மா சத்தம் போடவில்லை. தட்டைத் தள்ளி வைத்துவிட்டு எழுந்து போய் வாய் கொப்பளித்துவிட்டு வந்தார். அன்று இரவு வரை பச்சைத் தண்ணீர் தவிர ஒன்றும் குடிக்கவில்லை. “விடுடா, தெரியாமத்தானே” என்று என்னைத்தான் சமாதானப்படுத்தினார். என் அம்மாவுக்குத் தெரியாது, அந்தச் சமையல்காரப் பெண்ணுக்கும் தெரியாது. உங்களுக்குத் தெரியும், எழுதிக் கொடுத்திருந்தேன்.

‘வியட்நாமில் சைவம் கிடைப்பது கஷ்டம் சார்’ என்று உங்கள் ஆள் பிறகு போனில் சொன்னார். தயவுசெய்து அந்தக் கதை வேண்டாம். அங்கே பௌத்தர்களில் நிறையப் பேர் அமாவாசைக்கும் பௌர்ணமிக்கும் சைவம்தான் சாப்பிடுகிறார்கள், அதற்கு ‘சாய்’ என்று பெயர். போர்டில் அதைப் பார்த்து முதலில் டீக்கடை என்று நினைத்தோம், அது வேறு கதை. மறுநாள் ஒரு ‘சாய்’ கடையில் அதே பான் சேயோவைக் காளானும் டோஃபுவும் வைத்து, மீன் சாறுக்குப் பதில் சோயா சாறோடு கொடுத்தார்கள், அம்மா இரண்டு சாப்பிட்டார். ஒரு நாள் முன்னதாக ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் அந்தக் கொட்டகையிலும் செய்து கொடுத்திருப்பார்கள்.

மறுநாள் காலையில் நாங்கள் செய்ததையும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் நீங்கள் எதை விற்கத் தவறினீர்கள் என்று உங்களுக்கே தெரிய வேண்டும். தங்கியிருந்த விடுதியில் சைக்கிள் இலவசம். தாழ்வான சீட் கேட்டதும் அங்கிருந்த பெண் ஒரு ஸ்பானரை எடுத்து ஒரு நிமிடத்தில் இறக்கிக் கொடுத்தார். ஆறு மணிக்குக் கிளம்பி, பெரிய சாலையைத் தவிர்த்து, பச்சை நெல்லுக்கு நடுவில் போகிற சிமென்ட் பாதையில் மெதுவாக ட்ரா குவே போனோம், அம்மாதான் முன்னால். பழைய நகரத்திலிருந்து மூன்று கிலோமீட்டர்கூட இருக்காது. அந்த நேரத்தில் ஊரே பாத்தியில் குனிந்திருக்கிறது. ஒரு பாட்டி கீரையைப் பிடுங்கி, வேரை உதறி, வாழைநாரில் கட்டிக் கூடையில் அடுக்கிக்கொண்டிருந்தார். பக்கத்தில் ஒரு குவியல், கறுப்பாக, ஈரமாக, ஆற்று வாடையோடு. பாசி. ஆற்றிலிருந்து வாரி வந்து மணல் மண்ணுக்கு அடியில் புதைக்கிற உரம் அதுதானாம். அம்மா குனிந்து ஒரு தழையைக் கிள்ளி முகர்ந்து பார்த்துவிட்டு, “இது நம்ம திருநீற்றுப்பச்சைடா!” என்றார். கொஞ்சம் சோம்பு வாசம் கூடுதல், மற்றபடி அதேதான். பாட்டி சிரித்துவிட்டு வேறொரு இலையைக் கிள்ளி நீட்டினார், இவர் முகர்ந்து பார்க்க, அவர் இன்னொன்று நீட்ட, பாஷையே இல்லாமல் முக்கால் மணி நேரம் போனது. கிளம்பும்போது பாட்டி ஒரு கட்டுத் தழையை அம்மாவின் சைக்கிள் கூடையில் வைத்துவிட்டார், பணம் வாங்க மறுத்துவிட்டார். எங்களுக்கு ஆன செலவு காபிக்கு மட்டும்.

நான் கேட்பது இது. அம்மாவுடைய 4,200 ரூபாயை முழுசாகவும், எங்கள் மூவருடையதில் பாதியையும், ஆக மொத்தம் 10,500 ரூபாயைத் திருப்பித் தர வேண்டும். படிவத்தில் எழுதியது ஏன் அங்கே போய்ச் சேரவில்லை என்று எழுத்தில் பதில் வேண்டும். அந்தப் படகுத்துறையில் குழந்தைகள் அளவு லைஃப் ஜாக்கெட் இல்லாமல் இனி ஒரு குடும்பத்தையும் அனுப்பக் கூடாது.

பதினைந்து நாள் பார்ப்பேன். பதில் இல்லையென்றால் தேசிய நுகர்வோர் உதவி எண்ணான 1915-க்கு அழைத்துப் பதிவு செய்துவிட்டு, மாவட்ட நுகர்வோர் ஆணையத்துக்குப் போவேன். 2019 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டப்படி இது சேவைக் குறைபாடு, 14 கிலோமீட்டர் என்று போட்டது தவறான விளம்பரம். ஐந்து லட்சம் வரை கட்டணமும் கிடையாது, வக்கீல் இல்லாமல் நானே வாதாடலாம், எனக்கு நேரமும் இருக்கிறது.

இன்னொன்று. இதை வைத்து அந்தக் கைடு பையனைப் பிடித்துக் கேட்காதீர்கள், அவன் சம்பளத்திலும் கை வைக்காதீர்கள். அவனுக்கு நீங்கள் அனுப்பியது மூன்று வார்த்தை, அதை வைத்துக்கொண்டு அவனால் முடிந்ததைச் செய்தான். அம்மா சாப்பிடாததைப் பார்த்து ஓடிப்போய் இரண்டு வாழைப்பழமும் ஒரு இளநீரும் வாங்கி வந்தவன் அவன்தான். அதற்கும் பணம் வாங்கவில்லை.

படிவத்தின் நகல், ரசீது, கைடு போனின் படம், மகள் அந்த ஜாக்கெட்டோடு நிற்கிற படம் எல்லாம் இணைத்திருக்கிறேன். பணத்தை நான் கட்டிய கணக்குக்கே திருப்பி அனுப்பிவிடுங்கள்.

இப்படிக்கு,
மார்ச் 14 பயணத்துக்கு நான்கு பேருக்குப் பதிவு செய்தவன்