விடைக்குறிப்பில் இடம்பெறாத பெயர்கள்: பாடநூல் குழுவினருக்கு ஒரு திறந்த மடல்

உலக வரலாற்றுப் பாடநூலையும் விடைக்குறிப்பையும் தயாரிக்கும் குழுவினருக்கு,

வணக்கம். விடைத்தாள் திருத்தும் முகாமில் சென்ற மாதம் நான் தெரிவித்த ஆட்சேபம் உங்கள் பார்வைக்கு வந்திருக்கும், பதில்தான் வரவில்லை. ரஷ்யாவில் பண்ணையடிமை முறை (விவசாயிகளை நிலத்தோடு கட்டிப்போட்டுப் பிரபுக்களின் உடைமைபோல் வைத்திருந்த முறை) ஒழிந்ததற்கான காரணங்களைக் கேட்ட ஐந்து மதிப்பெண் வினாவுக்கு உங்கள் குறிப்பில் இருந்தவை இரண்டே: கிரிமியப் போர்த் தோல்வி, ஜார் இரண்டாம் அலெக்சாண்டரின் பெருந்தன்மை. ஒரு மாணவி போரை ஒரே வரியில் முடித்துவிட்டு, எழுத்தாளர்களைப் பற்றி ஒன்றரைப் பக்கம் எழுதியிருந்தாள். அந்த ஒரு வரிக்கு மட்டும் மதிப்பெண் போட்டு, மீதியைச் சிவப்பு மையால் அடித்தது என் கைதான்.

அவள் எழுதியதில் பிழை ஏதுமில்லை. 1790இல் பண்ணையடிமைகளின் நிலையை நூலாக எழுதி அச்சிட்டதற்காக எழுத்தாளர் ராதிஷ்சேவுக்கு மரண தண்டனை விதிக்கப்பட்டு, பின்னர் அது சைபீரிய நாடுகடத்தலாகக் குறைக்கப்பட்டது. நாட்டைவிட்டு வெளியேறிய எழுத்தாளர் ஹெர்சன் 1857 முதல் லண்டனில் அச்சிட்ட ‘கோலகோல்’ (மணி) இதழ் ரஷ்யாவுக்குள் கள்ளத்தனமாகப் போய்ச் சேர்ந்தது. இவையும் காரணங்கள் ஆகாவா?

அவள் அதிகமாக எழுதியிருந்தது தராஸ் ஷெவ்சென்கோவைப் பற்றி. உக்ரைனில் பண்ணையடிமையாகப் பிறந்த அந்தக் கவிஞரின் விலை 2,500 ரூபிள். ஓவியர் பிரியுலோவ் கவிஞர் ஷுகோவ்ஸ்கியின் உருவப்படத்தை வரைந்து தர, அதைக் குலுக்கலில் விட்டுச் சேர்த்த பணத்தில்தான் 1838இல் ஷெவ்சென்கோவின் விடுதலை வாங்கப்பட்டது. 1847இல் கவிதைகளுக்காக அவரைத் தொலைதூரப் படைப்பிரிவுக்கு அனுப்பியபோது, எழுதவும் வரையவும் விடக்கூடாது என்று ஜார் முதலாம் நிக்கோலஸ் தம் கைப்பட உத்தரவில் சேர்த்தார். பழைய நாட்காட்டியின்படி 1861 பிப்ரவரி 19 அன்று விடுதலைப் பிரகடனம் கையெழுத்தானது. ஷெவ்சென்கோ 26 அன்று பீட்டர்ஸ்பர்க்கில் இறந்தார். பிரகடனம் மக்களுக்கு வாசிக்கப்பட்டது மார்ச் 5 அன்று. இந்தத் தேதிகளை அந்தப் பெண் வரிசையாக எழுதியிருந்தாள். அவற்றுக்கு நான் போட்ட மதிப்பெண் பூஜ்யம்.

பாடநூலில் அரைப் பக்கத்துக்கு ‘விடுதலையாளர்’ ஜாரின் படம் இருக்கிறது. அவருடைய பெருந்தன்மையை 1856இல் மாஸ்கோ பிரபுக்களிடம் அவரே விளக்கிவிட்டார்: கீழிருந்து தானாக ஒழியத் தொடங்கும்வரை காத்திருப்பதைவிட மேலிருந்து நாமே ஒழிப்பது மேல் என்றார். தங்களுக்குக் கிடைத்த நிலத்துக்கு விவசாயிகள் 49 ஆண்டுகள் மீட்புத் தொகை கட்ட வேண்டும் என்ற விதியும் அந்தப் பெருந்தன்மையில் அடக்கம். அதைச் சொல்லத்தான் படத்துக்குக் கீழே இடமில்லை போலும். விடுதலைச் சட்டத்தை வகுப்பதில் முன்னின்று உழைத்த அதிகாரி நிக்கோலாய் மிலியூதின் அது வெளிவந்த சில வாரங்களிலேயே பதவியிழந்தார். எழுத்தாளர் செர்னிஷெவ்ஸ்கி 1862இல் கைதாகி, 1864இல் பொதுச் சதுக்கத்தில் அவமதிப்புச் சடங்காகத் தலைக்கு மேல் வாள் முறிக்கப்பட்டுச் சைபீரியாவுக்கு அனுப்பப்பட்டார். அரசியல் சீர்திருத்தம் கேட்டவர்களின் கதையும் இதுவே: தேர்ந்தெடுக்கப்பட்ட பிரதிநிதிகளின் அவை வேண்டும் என்று 1862இல் குரல் கொடுத்த த்வேர் மாகாணத்தாரில் 13 பேர் கோட்டைச் சிறையில் அடைக்கப்பட்டனர். எந்த நாட்டுப் பாடமானாலும் நல்லதையெல்லாம் அரசர் கையால் கொடுக்கவைத்துவிடும் வழக்கம் உங்களுக்கு எங்கிருந்து வந்ததோ தெரியவில்லை.

கோபத்தில் எல்லை மீறியிருந்தால் பொறுத்தருள வேண்டும். எழுத்தாளர்கள் மட்டுமே விடுதலை வாங்கித் தந்தார்கள் என்று நான் வாதாடவில்லை. போரும் விவசாயிகளின் கிளர்ச்சிகளும் இல்லாமல் அரண்மனை அசைந்திருக்காது. நான் கேட்பது, சிந்தனையாளர்களின் பங்கையும் ஒரு காரணமாக விடைக்குறிப்பில் சேருங்கள் என்பதே. அடுத்த பதிப்பில் அதற்கு ஒரு பத்தி ஒதுக்குங்கள்; படத்தைச் சற்றுச் சிறிதாக்கினால் இடம் கிடைக்கும். மறுமதிப்பீட்டுக்கான நாள் இன்னும் முடியவில்லை. குறிப்பைத் திருத்தி அனுப்பினால், அந்த விடைத்தாளை மறுபடி திருத்த நான் ஆயத்தமாக இருக்கிறேன்.

பணிவுடன்,
வரலாற்று ஆசிரியர் ஒருவர்