கட்டப்படாத கட்டடத்தால் யாருக்கும் நட்டமில்லையா?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். கொழும்பில் எழும்பாமல் போன வானுயர் கட்டடங்களைப் பற்றித் தங்கள் ஞாயிறு இதழில் வந்த கட்டுரையை ஒரு வரி விடாமல் வாசித்தேன். 117 மாடிகள், 625 மீற்றர் உயரம் என்று அறிவித்துவிட்டு, கடைசிவரை படமாகவே வைத்திருந்த கோபுரத்தின் கதை அதில் விரிவாக இருந்தது. நாட்டிலேயே உயரமான தாமரைக் கோபுரமே 350 மீற்றர்தான் என்பதை எடுத்துக் காட்டியதும் நன்று. கொழும்பு கோட்டைப் பகுதியில் பாதியில் நிற்கும் கிரிஷ் கட்டடத்தில் 2025 பெப்ரவரியில் தீப்பற்றியதை எல்லோரும் தொலைக்காட்சியில் பார்த்தோம். அதையும் கட்டுரையாளர் மறக்கவில்லை. அவருடைய உழைப்பை நான் குறை சொல்லவில்லை.

ஆனால் முடிவுக்குக் கிட்ட ஒரு வரி வருகிறது. கட்டப்படாத கட்டடத்தால் முதலீட்டாளருக்குத்தான் நட்டம், சாதாரண குடிமக்களுக்கு ஒன்றும் இல்லை என்ற கருத்தில் எழுதியிருக்கிறார். அதை வாசித்ததிலிருந்து எனக்கு மனம் ஆறவில்லை.

என் அக்காவின் மகன் உயர்தரப் பரீட்சை எழுதிய கையோடு கொழும்புக்குக் கம்பி கட்டும் வேலைக்குப் போனவன். வன்னியிலிருந்து போன எத்தனை பிள்ளைகள் அந்த நகரத்து மாடிகளுக்குக் கம்பி வளைத்தார்கள், கொங்கிறீற் சுமந்தார்கள் என்பது தாங்கள் அறியாததல்ல. 2022இல் டொலர் இல்லை, சீமெந்து இல்லை என்று வேலைத்தளங்கள் ஒவ்வொன்றாக நின்றபோது அவனுடைய தளமும் நின்றது. கூலியை மாதக் கணக்கில் பிடித்து வைத்திருந்த உப ஒப்பந்தகாரர் தொலைபேசியை எடுப்பதையே விட்டுவிட்டார். பிள்ளை பஸ் காசுக்குக் கடன் வாங்கிக்கொண்டு வீடு வந்து சேர்ந்தான். அந்தக் கட்டடம் இன்றுவரை முடியவில்லை. அவனுடைய கூலி எந்த முதலீட்டாளரின் நட்டக் கணக்கில் எழுதப்பட்டிருக்கிறது? தங்கள் கட்டுரையாளர் ஒருமுறை விசாரித்துப் பார்க்கட்டும்.

கொழும்பைப் பற்றி எனக்குத் தெரிந்தது குறைவு. ஆனாலும் 2010இல் கொம்பனித்தெருவில் குடும்பங்கள் குடியிருந்த வீடுகளை இராணுவத்தின் உதவியோடு இடித்ததை நாங்கள் போரில் இடம்பெயர்ந்தவர்களை வைத்திருந்த செட்டிகுளத்து முகாமிலிருந்து திரும்பிய காலத்தில் கேள்விப்பட்டோம். எங்களுக்கு நடந்ததையே இன்னொரு பெயரில் அவர்களுக்கும் செய்கிறார்களே என்று அன்று பேசிக்கொண்டோம். நகரத்தை அழகாக்குகிறோம் என்று சொல்லி எழுப்பப்படுகிற மக்கள், வரப்போகிற கட்டடம் வந்தாலும் வராவிட்டாலும் எழுப்பப்பட்டவர்கள்தான்.

எங்கள் பக்கத்துக் கதைக்கு வருகிறேன். 2009இன் தொடக்கத்தில், போர் நெருங்கி வந்தபோது, எங்கள் ஊரான விசுவமடுவை விட்டு ஓடினோம். திரும்பி வந்தபோது காணியில் கிணறு மட்டும்தான் மிஞ்சியிருந்தது. தகரமும் தறப்பாளும் தந்தார்கள். முதலில் வந்த வீட்டுத்திட்டத்தில் எனக்கும் மகளுக்கும் இடம் கிடைக்கவில்லை. குடும்பத்தில் அங்கத்தவர் குறைவாம், புள்ளி போதாதாம். சண்டையில் ஆட்களைப் பறிகொடுத்ததால்தான் எங்கள் குடும்பத்தில் அங்கத்தவர் குறைந்தார்கள். அதற்காகவே புள்ளியும் குறைந்தது என்றால் அந்தக் கணக்கை யாரிடம் போய்ச் சொல்வது?

பிறகு 65,000 வீடுகள் என்று 2016இல் பெரிய பேச்சு வந்தது. உருக்கினால் செய்த பொருத்து வீடு, ஒன்றின் விலை சுமார் 21 இலட்சம் ரூபாய். வெளிநாட்டுக் கம்பனி ஒன்று செய்து தரும் என்றார்கள். மாதிரி வீடுகளைக் கொண்டுவந்து நிறுத்திப் படம் பிடித்தார்கள். இந்த வெயிலில் இரும்புச் சுவருக்குள் யார் இருப்பது, அதே பணத்துக்குக் கல்வீடு எத்தனை கட்டலாம் என்று பொறியியலாளர்களும் பொதுமக்களும் கேட்டார்கள். கேட்டது சரிதான். ஆனால் இரும்பு வீடு வேண்டாமென்று விட்ட அந்தப் பணத்தில் 65,000 கல்வீடுகள் வந்தனவா? தங்கள் பத்திரிகையே அன்று அதைப் பற்றித் தலையங்கம் எழுதியதாக நினைவு. அதன்பின் என்ன ஆனது என்று ஒருவரும் எழுதவில்லை.

2019இல்தான் எங்கள் பெயர் ஒரு திட்டத்தில் வந்தது. பணம் கட்டம் கட்டமாகத் தருவார்கள். அத்திவாரம் போட்டால் இவ்வளவு, சுவர் கதவு, யன்னல் தலைப்புக்கு மேலே வருகிற லிண்டல் மட்டத்துக்கு வந்தால் இவ்வளவு, கூரைக்கு இவ்வளவு. காணியில் மேடான இடம் ஒன்றுதான் இருந்தது. அதில்தான் தகரக் கொட்டில். வீடு வருகிறதென்று கொட்டிலைப் பிரித்தோம். முதல் கட்டப் பணம் அத்திவாரத்துக்கே காணவில்லை. என் சங்கிலியை அடகு வைத்தேன். அடுத்த கட்டப் பணம் வந்துவிடும், மேசனை நிறுத்த வேண்டாம் என்று உத்தியோகத்தர் சொன்ன சொல்லை நம்பி நுண்கடனும் எடுத்துச் சுவரை எழுப்பினோம். நவம்பரில் ஆட்சி மாறியது. திட்டம் நின்றது. பழைய ஆட்சியின் திட்டம், இனிப் புதிய சுற்றறிக்கை வர வேண்டும் என்றார்கள். எங்கள் கோப்பு எந்த ஆட்சியினுடையது என்று எனக்கு இன்றுவரை விளங்கவில்லை. நான் கையெழுத்து வைத்தது அரசாங்கத்தோடுதான், கட்சியோடு இல்லை.

ஆயிரம் ரூபாய்க்கு விற்ற சீமெந்து 2022இல் மூவாயிரத்தைத் தொட்டது. கல்லும் மணலும் அதோடு சேர்ந்து ஏறின. இன்று எங்கள் சுவர் லிண்டல் மட்டத்தில் நிற்கிறது. மாரிக்கு மாரி பாசி பிடித்துக் கறுத்துவிட்டது. தூண்களுக்கு மேலே நீட்டிக்கொண்டிருக்கும் கம்பிகள் துருவேறி, மழை பெய்தால் சுவரில் செந்நிறமாக வழிகின்றன. கைக்கெட்டும் உயரத்தில் உள்ள கம்பி முனைகளில் பேரப்பிள்ளைகள் கிழித்துக்கொள்ளாமல் இருக்க வெற்றுப் பிளாஸ்ரிக் போத்தல்களைக் கவிழ்த்து வைத்திருக்கிறேன். யன்னல் வாசலுக்குப் பழைய சேலை. ஓர் அறைக்கு மட்டும் பிரித்த தகரத்தையே மேலே போட்டு அதற்குள் இருக்கிறோம். நுண்கடன்காரர் மட்டும் தவறாமல் வந்தார். அவருக்குச் சுற்றறிக்கை தேவைப்படவில்லை.

எங்கள் ஒழுங்கையில் இப்படி நிற்கிற வீடு இது ஒன்று மட்டுமல்ல. பரந்தனிலிருந்து முல்லைத்தீவு வீதியில் வருகிறவர்கள் உள்வீதிகளில் இறங்கிப் பார்த்தால் தெரியும். முடியாத கோபுரத்துக்குக் கொழும்பில் படமும் கட்டுரையும் கிடைக்கின்றன. அதை நான் வேண்டாமென்று சொல்லவில்லை. அந்த இடத்தில் கால்வாசியாவது இந்த வீடுகளுக்கும் கிடைத்திருக்கக் கூடாதா? மாகாணத்துக்கென்று தனிப்பக்கம் போடுகிற பத்திரிகை, எங்களை வெள்ளம் வந்தாலும் தேர்தல் வந்தாலும் மட்டுமே தேடி வருவது நியாயமா?

நான் கேட்பது பெரிய காரியம் அல்ல. அந்த ஒரு வரி பிழையென்று அடுத்த ஞாயிறு இதழில் ஒரு திருத்தம் போடுங்கள். 2019இல் தொடங்கி நின்றுபோன வீடுகள் கிளிநொச்சி, முல்லைத்தீவு மாவட்டங்களில் எத்தனை, அவற்றுக்கு மிச்சப் பணம் எப்போது என்று தங்கள் நிருபர் மாவட்டச் செயலகங்களில் கேட்டு, பிரதேச செயலகப் பிரிவு வாரியாக வெளியிடட்டும். நாங்கள் கேட்டால் நாளை வா என்பார்கள். பத்திரிகை கேட்டால் பதில் எழுத்தில் வரும். நிருபர் வருவதாக இருந்தால், பரந்தன் சந்தியில் முல்லைத்தீவு பஸ் ஏறி விசுவமடுவில் இறங்கச் சொல்லுங்கள். வீடு வீடாக நானே கூட்டிச் சென்று காட்டுகிறேன்.

இப்படிக்கு,
தங்கள் நீண்டகால வாசகி,
விசுவமடு.