பாம்பன் தூக்குப்பாலத்தைச் சிலையாக்கிவிடாதீர்கள்

தெற்கு ரயில்வே நிர்வாகத்தினருக்கு வணக்கம்.

2025 ஏப்ரல் 6 அன்று புதிய பாம்பன் பாலம் திறக்கப்பட்டது. 72.5 மீட்டர் நீளமுள்ள அதன் நடுப்பகுதி லிஃப்ட் மாதிரி மட்டமாகவே மேலே எழுகிறது. நல்ல வேலை, குறை சொல்ல ஒன்றுமில்லை. 1914-இல் திறந்த பழைய பாலத்தில் மறுபடி ரயில் விடச் சொல்லியும் நான் எழுதவில்லை. உப்புக்காற்றில் நூறு வருடத்துக்கு மேல் நின்ற இரும்பு அது. 2022 டிசம்பரோடு ரயிலை நிறுத்தியது சரிதான். பிரிக்க வேண்டியதைப் பிரியுங்கள். என் கவலையெல்லாம் கப்பலுக்கு வழிவிட அதன் நடுவில் திறக்கும் தூக்குப்பாலத்தைப் பற்றித்தான்.

அதைக் கரையில் காட்சிக்கு வைக்கலாம் என்ற பேச்சு காதில் விழுகிறது. எப்படி வைப்பீர்கள்? பெயின்ட் அடித்து, பீடத்தோடு சேர்த்து வெல்டிங் வைத்து, சுற்றிப் புல்தரை போட்டு, செல்ஃபி எடுக்க ஓர் இடமாகவா?

இந்தத் தூக்குப்பாலம் வில்லியம் ஷெர்சர் என்ற அமெரிக்கப் பொறியாளரின் முறையில் கட்டியது. அவர் கண்டுபிடித்தது ஓர் அசைவை. சாதாரணத் தூக்குப்பாலம் கதவு கீலில் திரும்புவது போல ஒரே அச்சில் திரும்பும். ஷெர்சர் பாலத்தின் அடிப்பகுதியோ வில்லாக வளைந்திருக்கும். பின்பக்கம் எதிர் எடை. தூக்கும்போது ஆடும் நாற்காலி பின்னால் சாய்வது போல மொத்தப் பாலமும் உருண்டு, கால்வாயை விட்டு விலகிக்கொண்டே எழும். எடை இருபக்கமும் சமமாக நிற்பதால் பாம்பனில் அதை மனிதக் கைகளே திறந்தன: ஊழியர்கள் நெம்புகோலைத் தள்ளிக்கொண்டு செக்கு சுற்றுவது போல நடப்பார்கள், கப்பல் போகும். அசையாத ஷெர்சர் பாலத்தைப் பார்த்து யாருக்கும் இது புரியாது.

1964 டிசம்பர் புயலில் தனுஷ்கோடி ரயிலே கடலோடு போனது. பாலத்தின் கர்டர்களில் (தண்டவாளத்தைத் தாங்கும் இரும்பு விட்டங்கள்) பெரும்பாலானவை அடித்துச் செல்லப்பட்டன. இந்தத் தூக்குப்பாலம் நின்றது. பொறியாளர் இ. ஸ்ரீதரன் தலைமையில் உங்கள் ஆட்கள்தான் கடலில் கிடந்த கர்டர்களைத் தேடி எடுத்து, ஒன்றரை மாதத்தில் பாலத்தைச் சரிசெய்தார்கள். (தனுஷ்கோடிக்கு மட்டும் ரயில் திரும்பவே இல்லை.)

ஓடுகிற நிலையிலேயே ஒன்றைக் காப்பாற்றுவது உங்களுக்குப் புதிதா என்ன? நீலகிரி மலை ரயில் 2005-இல் யுனெஸ்கோ பட்டியலில் ஏறியது. பல்சக்கரம் இன்றும் பல்தண்டவாளத்தைக் கடித்து ஏறுகிறது. அதற்காகப் பொன்மலைப் பணிமனை புது நீராவி எஞ்சினே செய்து கொடுத்தது. அந்தக் கைகளுக்கு இந்தப் பாலம் பெரிய காரியமில்லை.

இருபக்கமிருந்தும் எழும் இரண்டு இறக்கைகளையும் வைக்க முடியாவிட்டால் போகட்டும், ஒன்று போதும். ஆனால் அது உருளும் தடம், பற்கள், எதிர் எடை, நெம்புகோல் எல்லாம் சேர்ந்து வர வேண்டும். வாரம் ஒருமுறையாவது தூக்கிக் காட்டுங்கள்.

அப்புறம் ஒன்று, இது அதைவிட அவசரம். அந்தப் பாலத்தைத் திறந்து மூடிய ஊழியர்களை, ஓய்வுபெற்றவர்களையும் சேர்த்து, பிரிக்கும் முன் பாலத்துக்கே அழைத்துப் போய்ப் படம் பிடியுங்கள். தண்டவாள இணைப்பைக் கழற்றுவதிலிருந்து கிரீஸ் வைக்கும் இடம் வரை, காற்று பலமாக அடித்தால் எப்போது கையை எடுத்துவிடுவார்கள் என்பது உட்பட, அவர்கள் வாயாலேயே பதிவாகட்டும். பழைய வரைபடங்களையும் பழுதுபார்ப்புப் பதிவேடுகளையும் ஸ்கேன் செய்து எல்லோரும் பார்க்கும்படி வையுங்கள்.

இப்படிக்கு,
அந்தப் பாலத்தில் ஜன்னலோரம் உட்கார்ந்து கடல் பார்த்த ஒரு பயணி