ஏரி வரலாற்றுக் குழு: செயலாளரின் ஆண்டறிக்கை, 2024–25

தலைவர் அவர்களுக்கும் பொதுக்குழுவுக்கு வந்திருக்கும் சில உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

மார்ச் 22, உலக நீர் நாளில் மாணவர் நடை நடந்தது. கரையில் ஊன்றிய பனங்கொட்டைகளில் பாதி முளைத்துள்ளன. மிகைநீர் வழியும் கலங்கல் அருகே அறிவிப்புப் பலகை மாற்றப்பட்டது.

இந்த ஆண்டின் உருப்படியான வேலை, பழைய குமிழித்தூம்பின் (ஏரி நீரைத் திறந்துவிடும் மதகின்) தூணிலுள்ள கல்வெட்டை மைப்படி, அதாவது தாளில் மை ஒற்றி நகல், எடுத்ததுதான். “போட்டோ போதாதா?” என்று செயற்குழுவில் கேட்டார்கள். போதாது. தேய்ந்த எழுத்து வெயிலின் சாய்வுக்கேற்ப மாறித் தெரியும். எழுத்தின் சுழி எது, கல்லின் பொள்ளல் எது என்று பிரிக்க முடியாது.

கல்லைத் தண்ணீரும் நார் பிரஷ்ஷும் கொண்டே கழுவினோம். கம்பி பிரஷ்ஷும் ஆசிட்டும் எழுத்தைத் தின்றுவிடும். நனைத்த தாளை ஒட்டி, நடுவிலிருந்து ஓரத்துக்குத் தட்டிக் காற்றை வெளியேற்றித் தாளைப் பள்ளத்தில் இறக்க வேண்டும். ஈரம் பாதி வற்றியதும் மை ஒற்ற வேண்டும். ஈரம் மிஞ்சினால் மை ஊறி எழுத்து அடைந்துவிடும். முழுக்கக் காய்ந்தால் தாள் எழும்பி எழுத்து இரட்டையாக விழும். மேல் இரண்டு வரிகள் தெளியவில்லை. படிக்க வசதியாக இருக்கட்டும் என்று யாரோ பூசிய பெயிண்ட் பள்ளத்தை நிரப்பியிருக்கிறது.

‘ஏரி’, ‘தூம்பு’ என்ற சொற்கள் ஐயமின்றி உள்ளன. அரசர் பெயர் வரும் இடம் சிதைந்துள்ளதால், சோழர் காலம் என்று நோட்டீஸ் அடித்தவர்கள் பொறுத்திருக்கவும். 919, 921-ஆம் ஆண்டு உத்திரமேரூர்க் கல்வெட்டுகளில் ஏரியைக் கவனிக்கும் குழுவான ஏரி வாரியம் உண்டு என்பதற்காக நம் ஏரிக்கும் இருந்தது என்று எழுத முடியாது. வாரியத்தில் உறுப்பினராக இருந்தும் கணக்குக் காட்டாதவர் பெயரைக் குடவோலையில் சேர்க்கக் கூடாது என்கிறது அந்தக் கல்வெட்டு. சந்தா கட்டாதவர் பற்றி அதில் ஒன்றுமில்லை.

நம் கணக்கில் வரவு சென்ற ஆண்டளவே. செலவு சற்றுக் கூடுதல். விவரம் பொருளாளரிடம். பாதிக்கு மேற்பட்டோர் சந்தா பாக்கி. வாட்ஸ்அப்பில் கைகூப்பியவர்களில் தாள் பிடிக்க வந்தவர்கள் மிகச் சிலர். அவர்களுக்கும் மின்விளக்கு தந்தவருக்கும் நன்றி.

தூணின் அடிப்பகுதியும், வண்டலை வெளியேற்றும் சேறோடித் துளையும் மண்ணுக்குள் உள்ளன. மீதி வரிகள் அங்கேதான் இருக்க வேண்டும். துறை அனுமதி பெற்று, சித்திரையில் நீர் இறங்கியதும் தோண்டலாம். பொக்லைன் பல் பட்டால் கல் போய்விடும். மண்வெட்டியும் ஆட்களுமே வழி. ஆள் சேராவிட்டால், பதிவேட்டையும் அலமாரிச் சாவியையும் புதிய செயலாளரிடம் ஒப்படைக்கத் தயாராக இருக்கிறேன்.

செயலாளர்