புங்க மரத்தடியில் கொரியன் புல் எதற்கு?

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

மதுரையிலும் சுற்றுவட்டாரத்திலும் கல்யாண மண்டபங்களுக்கும் வீடுகளுக்கும் புல்தரை போட்டுக்கொடுப்பது என் பிழைப்பு. இருப்பு ஒத்தக்கடை. பிழைப்பைக் கெடுத்துக்கொள்ளும் விஷயம்தான், ஆனாலும் எழுதுகிறேன்.

எங்கள் பக்கத்துக் குடியிருப்புப் பூங்கா ஒன்றில் புங்க மரங்களுக்கு அடியில், மெத்தென்று இருக்கும் கொரியன் புல்லைப் போடுகிறார்கள். அது காய்ந்ததும் கொத்தி எடுத்துவிட்டு மறுபடி அதையே போடுகிறார்கள். இப்போது, "மரம்தான் புல்லைக் கெடுக்குது, ரெண்டு மரத்தை எடுத்துட்டா சரியாப் போகும்" என்று பேச்சு அடிபடுகிறது.

அருகம்புல், கொரியன் இரண்டுமே கரும்பு, சோளம் மாதிரி வெயிலில் செழிக்கிற ஜாதி. நாளுக்கு ஆறு மணி நேரமாவது நேர் வெயில் விழ வேண்டும். நாம் ஆசைப்பட்டு உட்காருகிற அந்தப் புங்க நிழல்தான் அதற்கு எமன். போட்ட புதிதில் பச்சையாகத்தான் இருக்கும். நாற்றங்காலில் இருந்து கொண்டுவந்த தெம்பு அது. அப்புறம் இலை ஒல்லியாகி, வெளிச்சத்தைத் தேடி நெட்டுக்கு நீளும். கணுவில் வேர் பிடிக்காது, இரண்டு விரலால் இழுத்தால் கையோடு வந்துவிடும். இடையில் பாசி படரும், ஓரத்தில் கோரை கிளம்பும். இதைப் பார்த்ததும் யூரியாவைத் தூவி, காலை மாலை தண்ணீர் அடிப்பார்கள். வெளிச்சம் இல்லாத புல்லுக்கு யூரியா போட்டால் இன்னும் நீண்டு தொய்யும். நின்ற ஈரத்தில் பூஞ்சணம் பிடித்து வட்ட வட்டமாக அழுகும்.

கட்டட நிழல் இதைவிட ஏமாற்றும். சித்திரை பிறக்கும்போது நம்மூரில் உச்சிவெயில் நேர் தலைக்கு மேலே. அதிலிருந்து ஆவணி வரை சூரியன் வடக்கே சாய்ந்திருப்பதால் மாடிவீட்டின் வடபுறத்திலும் வெயில் விழும். வைகாசியில் அங்கே புல் போட்டவருக்குப் பரம திருப்தி. ஐப்பசி அடைமழை வரும்போது சூரியன் தெற்கே போயிருக்கும். மார்கழியில் அந்த இடத்தில் பகல் முழுக்கச் சுவர் நிழல்தான். தை மாதம் எனக்குப் போன் வரும், "மட்டமான புல்லைக் கொடுத்துட்டீங்களே" என்று. வடபுறத்தில் புல் போட நினைப்பவர்கள் மார்கழியில் ஒருநாள் நின்று பார்த்துவிட்டு முடிவு செய்யலாம்.

சரி, நிழலில் என்னதான் போடுவது? நர்சரிகளில் பஃபல்லோ என்று விற்கிற அகல இலைப் புல் இருக்கிறது. இலை இடுக்கில் புகுந்து வரும் வெயிலே அதற்குப் பெரும்பாலும் போதும். கொரியனின் மெத்தென்ற சுகம் இதில் கிடையாது. இதை மூன்று அங்குலத்துக்குக் கீழே வெட்டக் கூடாது. மிஷின்காரர்கள் மொட்டையாகச் சிரைத்துவிட்டுப் போய்விடுகிறார்கள். இலையே இல்லையென்றால் கிடைக்கிற கொஞ்ச வெளிச்சத்தை எதை வைத்துப் பிடிக்கும்? தண்ணீரும் தினம் தெளிக்காமல், மண் காய்ந்த பிறகு ஆழமாக, காலையில் விட வேண்டும். மரத்தின் தாழ்ந்த கிளைகளை மட்டும் கவாத்து செய்தாலே காலை வெயில் உள்ளே வந்துவிடும்.

புங்கையோ மாமரமோ, தண்டை ஒட்டிய இடத்தில் பஃபல்லோவும் தேறாது. அங்கே சருகை அப்படியே கிடக்க விட்டு, ஒரு பெஞ்சைப் போட்டால் போதும். பூங்காவில் வேலை செய்கிறவர்களோ மண்வெட்டியால் கொத்தி மேல்வேரை அறுத்துவிட்டு, அதன்மேல் அரை அடிக்குச் செம்மண் லோடு அடிக்கிறார்கள். வேருக்குக் காற்று எப்படிப் போகும்? மரத்தை வெட்டவே வேண்டாம், இந்த வேலையிலேயே அது பட்டுப்போகும். சாயங்காலம் அந்தப் பூங்காவுக்கு வருகிறவர்கள் புல்லில் உட்கார்ந்து நான் பார்த்ததில்லை. மரத்தடித் திட்டில்தான் இடம் பிடிக்கிறார்கள்.

அதனால் பொறுப்பில் இருப்பவர்களைக் கேட்டுக்கொள்வது இதுதான். நடைபாதை ஓரத்தில் வெயில் விழுகிற பகுதியில் கொரியன், அரை நிழலில் பஃபல்லோ, மரத்தடியில் எதுவும் வேண்டாம். அடுத்த எஸ்டிமேட்டை இப்படிப் போடட்டும். வேலையை எனக்குக் கொடுங்கள் என்று கேட்கவில்லை. யாருக்குக் கொடுத்தாலும் மரத்தில் கை வைக்காமல் செய்யச் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
புல்தரை வேலை செய்யும் வாசகர்,
ஒத்தக்கடை, மதுரை.