மன்னர் குடுத்தாருன்னு மட்டும் எழுதாதீங்க, பாக்கி வச்சதையும் எழுதுங்க

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

ஞாயித்துக்கிழமை இணைப்புல இங்கிலாந்து பரோக் கலை (17, 18ம் நூற்றாண்டுல இருந்த ஆடம்பரமான ஓவிய, கட்டட பாணி) பத்தி வந்த கட்டுரைய எங்க வீட்ல எல்லாரும் படிச்சோம், படங்களும் நல்லா இருந்துச்சு. ஆனா மன்னர்கள் அள்ளிக் குடுத்ததாலதான் அந்தக் கலை வளர்ந்துச்சுன்னு முடிச்சிருக்கீங்களே, அத என்னால ஏத்துக்க முடியல சார்.

இங்கிலாந்து ராஜா முதலாம் சார்லஸ் பெரிய ரசிகர்தான், இல்லன்னு சொல்லல. லண்டன் ஒயிட்ஹால் அரண்மனையோட விருந்து மண்டபமான பேங்க்வெட்டிங் ஹவுஸ் சீலிங்குக்கு ஓவியர் ரூபென்ஸ்கிட்ட ஆர்டர் குடுத்தாரு, அவரு 9 கேன்வாஸா வரைஞ்சு அனுப்பி 1636ல மேல ஏத்துனாங்க, 3000 பவுண்டும் ஒரு தங்கச் சங்கிலியும் குடுத்தாங்க. அது வெளிநாட்டுல இருந்தே வரைஞ்சு அனுப்புன மாஸ்டருக்குக் குடுத்தது. ராஜா கூடவே இருந்த அரண்மனை ஓவியர் வேன் டைக்குக்கு என்ன நடந்துச்சு? 1632ல வந்தப்ப சர் பட்டம், அப்புறம் வருஷத்துக்கு 200 பவுண்டு பென்ஷன்னு வாக்கு, 1638ல பாத்தா அஞ்சு வருஷ பென்ஷன் பாக்கி நிக்குது. அந்த வருஷம் அவரு குடுத்த பில்லுல ராஜாவே ரேட்டக் குறைச்சிருக்காரு, இப்ப பாரிஸ் லூவ்ர்ல இருக்கே, சார்லஸ் வேட்டைக்குப் போன படம், அதுக்குக் கேட்டது 200, போட்டுக் குடுத்தது 100. இன்னைக்கு உலகத்துக்கு சார்லஸ் மூஞ்சி தெரியுதுன்னா அது அந்த வேன் டைக்கோட கை வேலைதான், எனக்கு இத நெனச்சா மனசு ஆறவே மாட்டேங்குது.

அடுத்து லண்டன்ல இருக்குற பெரிய சர்ச், செயின்ட் பால்ஸ் கதீட்ரல். அத ராஜா கஜானால இருந்து கட்டல, லண்டன் துறைமுகத்துக்கு வந்த நிலக்கரிக்கு வரி போட்டுத்தான் பெரும்பாலும் கட்டுனாங்க, அதாவது குளிருக்கு அடுப்பு பத்த வச்ச ஒவ்வொரு வீட்டுக்காரனும் அதுக்குக் காசு குடுத்திருக்கான். அத டிசைன் பண்ணிக் கட்டுன ஆர்க்கிடெக்ட் ரென்னுக்கு வருஷம் 200 பவுண்டுதான் சம்பளம், அதுலயும் 1697ல பார்லிமென்ட் வேலை லேட்டாகுதுன்னு பாதிய நிறுத்தி வச்சுட்டாங்க, அந்தப் பணம் கைக்கு வர 1711 ஆயிடுச்சு.

பிளென்ஹைம் அரண்மனை கதை இன்னும் மோசம். 1704 போர்ல ஜெயிச்ச மார்ல்பரோ பிரபுவுக்கு ஆன் ராணியோட பரிசுன்னு ஆரம்பிச்சாங்க, ஆனா எவ்வளவு தருவோம்னு ஒழுங்கா எழுதி வைக்கல, ராணிக்கும் பிரபு குடும்பத்துக்கும் சண்டை வந்து 1712ல பணம் நின்னுபோச்சு. அப்ப கல்லு செதுக்குனவங்களுக்கும் மத்த வேலைக்காரங்களுக்கும் பாக்கி மட்டும் 45,000 பவுண்டு! அதக் கட்டுன ஆர்க்கிடெக்ட் வேன்ப்ரூவையே பின்னாடி 1725ல பாக்கப் போனப்ப உள்ள விடல, பிரபுவோட மனைவி உத்தரவு. உங்க கட்டுரைல பிளென்ஹைம் ஃபோட்டோ அரைப்பக்கம் போட்டீங்க, இதுல ஒரு வரி கூட இல்ல.

லண்டன் கிரீனிச்ல சுவரும் சீலிங்கும் ஓவியமா இருக்குற பெயிண்டட் ஹால் மட்டும் கணக்கு தெளிவா இருக்கு, ஓவியர் தார்ன்ஹில் 1707ல ஆரம்பிச்சு 1726ல முடிச்சாரு, சீலிங்குக்கு சதுர கஜம் 3 பவுண்டு, சுவருக்கு 1 பவுண்டு, மொத்தம் 6,685. மேற்குப் பக்கத்து சுவர்ல ராஜா குடும்பத்தோட ஓரமா தன்னையும் வரைஞ்சிருக்காரு, கை நீட்டி நிப்பாரு, இன்னும் காசு குடுங்கன்னு கேக்குற மாதிரி இருக்குன்னு அங்க சொல்றது வழக்கம்.

நமக்கு இது புதுசு இல்ல சார். தஞ்சாவூர் பெரிய கோயில் கல்வெட்டுல ராஜராஜன் "நாம் குடுத்தனவும் நம் அக்கன் குடுத்தனவும்"னு தொடங்கி மத்தவங்க குடுத்தத வரைக்கும் வெட்டி வைக்கச் சொல்லியிருக்காரு, பெருந்தச்சன் குஞ்சரமல்லன் பேரும் இருக்கு, ஆடுன பெண்கள் பேரு கூட தெருவாரியா இருக்கு. யாரு குடுத்தது, யாரு செஞ்சதுன்னு ஆயிரம் வருஷம் முன்னாடியே எழுதத் தெரிஞ்ச ஊர்ல வர்ற பேப்பர், இங்கிலாந்து கட்டடத்துக்கு மட்டும் ராஜா பேரோட நிறுத்திக்கிறது சரியில்ல.

இன்னொன்னு. ரென் அங்க கதீட்ரல் கட்டிட்டு இருந்த அதே வருஷங்கள்ல நம்ம சென்னை செயின்ட் ஜார்ஜ் கோட்டைக்குள்ள செயின்ட் மேரீஸ் சர்ச் எழும்பி 1680 அக்டோபர் 28ல திறந்தாங்க. அதுக்கு ராஜாவும் குடுக்கல, கிழக்கிந்தியக் கம்பெனியும் குடுக்கல, கவர்னர் ஸ்ட்ரெயின்ஷாம் மாஸ்டர் முன்ன நின்னு ஊர்ல இருந்த இங்கிலீஷ்காரங்ககிட்ட வசூல் பண்ணிக் கட்டுனது. கட்டுரையோட அடுத்த பகுதி வரும்னு போட்டிருக்கீங்க, அதுல இந்த சர்ச்சயும் சேத்து, ஒவ்வொரு படத்துக்குக் கீழயும் யாரு பணம், யாரு வேலை, கூலி வந்துச்சா இல்லையான்னு ஒரு வரி போடுங்க.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
திருவல்லிக்கேணி, சென்னை